பொம்மைகளுக்குப் பெயர் வைத்தவள்

என் வேனில் கதவை ஒட்டிய சீட்டு இசைவாணியுடையது. நான் கொடுத்ததில்லை, அவளாக எடுத்துக்கொண்டது. அதில் வேறு யாராவது உட்கார்ந்திருந்தால் சண்டை போடமாட்டாள். பக்கத்தில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றே வருவாள். முக்கால் மணி நேரம் ஒருத்தி நின்றுகொண்டு வந்தால் உட்கார்ந்திருப்பவளுக்கு எப்படி இருப்புக் கொள்ளும்? எழுந்து கொடுத்துவிடுவார்கள்.

வாசல் விஷயத்தில் அவள் அப்படித்தான். கல்யாண மண்டபமோ ஆஸ்பத்திரியோ, உள்ளே போனதும் வாசல் எத்தனை என்றுதான் பார்ப்பாள். என் மகள் சடங்குக்கு வந்தவள் பந்தியில் உட்காரும் முன் மண்டபத்தை ஒரு சுற்றுச் சுற்றிவந்தாள். பின்கதவு பூட்டிக் கிடந்தது. சமையல்காரரிடம் சாவி கேட்டு, திறக்கவைத்துவிட்டுத்தான் இலைக்கு வந்தாள். பாயசம் ஊற்றியவன்கூட அதைச் சொல்லிச் சிரித்தான். நானும் சேர்ந்துதான் சிரித்தேன்.

நான் பாண்டிராஜ். பதினெட்டு வருஷமாகப் பயர் ஆபீசுக்கு ஆள் ஏற்றுகிறேன். வெளியூர்க்காரர்களுக்குப் பட்டாசுத் தொழிற்சாலை என்று சொன்னால்தான் விளங்கும். எங்களுக்கு அது பயர் ஆபீஸ். காலையில் சாத்தூர்ப் பக்கம் நாலு ஊரில் பெண்களை ஏற்றி, ஏழாயிரம்பண்ணை தாண்டி ஆபீஸ் கேட்டில் இறக்கவேண்டும். சாயங்காலம் அதே ஆட்களை வீடு சேர்க்கவேண்டும். கேட்டுக்குள் வண்டி போகக்கூடாது, போனும் போகக்கூடாது. அதனால் பகல் முழுக்க முப்பது பெண்களின் போனும் ஒரு துணிப்பையில் என் சீட்டுக்கு அடியில் கிடக்கும். அவற்றுக்கு நான்தான் காவல்.

இசைவாணிக்கு இருபத்தேழு வயது. பிளஸ் டூ முடித்தவள். தாய் தகப்பன் காட்டில் களையெடுப்பு, அறுப்பு என்று கூலி வேலைக்குப் போனவர்கள்; மழை பொய்த்த வருஷங்களில் காட்டில் வேலை இல்லாமல் போக, பிள்ளைகள் பயர் ஆபீசுக்கு வந்தார்கள். புருஷன் முனியராஜ் பட்டாசு லோடு ஏற்றிக்கொண்டு வடக்கே போகிற லாரியின் டிரைவர். போனால் வர இருபது நாளாகும். வீட்டில் அவளும் மாமியார் சின்னத்தாயும்தான். மாமியாருக்கும் அதே ஆபீசில்தான் வேலை. மாமியார் மருமகள் என்றால் எலியும் பூனையும் என்பார்கள். இந்த இரண்டு பேரும் ஒரே தூக்குவாளியில் சோறு கொண்டுவந்து ஒரே மூடியில் போட்டுத் தின்கிற ஜாதி. பார்க்க எனக்கே பொறாமையாக இருக்கும். என் வீட்டு நிலவரம் அப்படி.

சின்னத்தாய்க்கு ஐம்பத்திரண்டு வயது இருக்கும். அவளிடம் ஒரே ஒரு கோளாறு. பாதி வழியில் திரும்பிப் போவாள். கோழிக் கூடையை மூடினேனா இல்லையா என்று ஒருநாள் சந்தேகம் வந்து, இருபது பேர் ஏறிய வேனைத் திருப்பச் சொல்லிக் கண்ணீர் விட்டாள். திருப்பினேன். கூடை மூடித்தான் இருந்தது. இன்னொரு நாள் பஸ் ஸ்டாண்டில் வழி கேட்ட கிழவருக்குச் சரியாகச் சொல்லவில்லையோ என்று இறங்கிப் போனாள். அன்றைக்குப் போர்மேனிடம் ஏச்சு வாங்கியது நான்.

போன சித்திரையில் சினேகா என்ற பெண் புதிதாக வேலைக்குச் சேர்ந்தாள். இருபது வயது, வாய் ஓயாத பெண். அவள் கொண்டுவந்ததுதான் அந்த விளையாட்டு. இருட்டில் ஒரு பெரிய பங்களா. நாலு பேர் உள்ளே மாட்டிக்கொள்வார்கள். முகமூடி போட்ட ஒருவன் கோடாலியோடு துரத்துவான். பங்களாவில் ஐந்து விளக்கு ஏற்றினால் சங்கு ஊதி கேட் திறக்கும். நாலு பேரும் வெளியே ஓடிவிடலாம். பிடிபட்டால் கூண்டில் போட்டுவிடுவான். கூட்டாளி யாராவது வந்து கூண்டைத் திறந்துவிட வேண்டும். துரத்துகிறவனையும் சேர்த்து ஐந்து பேர் ஆளுக்கொரு போனில், எங்கேயோ இருக்கிற முகம் தெரியாத ஆளோடுகூட ஆடலாம். விளையாட்டுக்கு ஏதோ இங்கிலீஷ் பெயர் உண்டு. எங்கள் வேனில் அது பங்களா. துரத்துகிறவன் பெயர் கோடாலி. எனக்குச் செல்போன் விளையாட்டு என்றாலே ஆகாது. காலங்காத்தாலே என் வண்டிக்குள் கதவு கிரீச்சிடுவதும் எவனோ மூச்சு வாங்குவதும் கேட்டால் எப்படி இருக்கும்? சத்தத்தைக் குறைக்கச் சொல்லித் தினமும் கத்துவேன். கண்ணாடியில் பார்த்துக்கொண்டும் இருப்பேன், அது வேறு விஷயம்.

ஆரம்பத்தில் இவர்கள் தோற்ற தோல்வி கொஞ்சமல்ல. அதற்குக் காரணம் பயர் ஆபீஸ். வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் போர்மேன் தங்கச்சாமி எல்லோரையும் நிற்கவைத்து ஒரு பாடம் சொல்வார். "சத்தம் கேட்டா ஓடணும். செருப்பத் தேடக்கூடாது, தூக்குவாளியத் தேடக்கூடாது, பக்கத்துல உக்காந்திருந்தவளையும் தேடக்கூடாது. வேப்பமரத்துக்கு வந்து நின்னு தலைய எண்ணுங்க." இது எங்கள் பெண்களுக்கு ரத்தத்தில் ஊறிய விஷயம். பங்களாவில் கோடாலியின் காலடி கேட்டதுதான் தாமதம், விளக்கை அப்படியே போட்டுவிட்டு மூன்று பேரும் பூட்டிய கேட்டுக்கு ஓடிப்போய் வரிசையாக நிற்பார்கள். அவன் நிதானமாக வந்து மூன்று பேரையும் பிடிப்பான். கூண்டில் கிடக்கிற சினேகா இங்கே சீட்டில் உட்கார்ந்து அழுவாள். கோடாலியாக ஆடிய எந்த ஊர்க்காரனோ ஒருவன், நீங்களெல்லாம் என்ன ஜென்மம், கூட்டாளியை விட்டுவிட்டு ஓடுகிறீர்களே என்று எழுதி அனுப்பினான்.

விதிவிலக்கு சின்னத்தாய் ஒருத்திதான். சினேகா போனில் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தவள் ஒருநாள் தானே வாங்கி ஆடினாள். எல்லோரும் கேட்டுக்கு ஓட, அவள் மட்டும் கூண்டுக்கு ஓடினாள். கோடாலி கண்ணெதிரே நிற்கிறான். இவள் பாட்டுக்குப் போய்த் திறந்துவிடுகிறாள். விளக்கு ஏற்றத் தெரியாது, ஒளியத் தெரியாது, திறந்துவிட மட்டும் தெரியும். முகம் தெரியாத ஆட்களெல்லாம் அவளுக்குப் பூவும் இருதயமுமாக அனுப்பினார்கள். வேன் முழுக்கக் கைதட்டும். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. இசைவாணி மட்டும் கைதட்டமாட்டாள். கதவோரத்தில் வெளியே பார்த்துக்கொண்டு வருவாள். மாமியாருக்குக் கிடைக்கிற பேர் இவளுக்குப் பொறுக்கவில்லை என்று நினைத்தேன். தப்பாக நினைத்ததை ஒத்துக்கொள்வதில் எனக்கு வெட்கமில்லை.

அவளுக்கு வெள்ளைத்தாய் என்று ஓர் அக்கா இருந்தாள். ஆறு வருஷத்துக்கு முன்பு அக்காளும் தங்கையும் விஸ்வநத்தம் பக்கம் வேறொரு ஆபீசில் ஒரே ரூமில் வேலை பார்த்தார்கள். ஒரு ரூமுக்கு நாலு பேர்தான் கணக்கு. முன்னால் ஒரு வாசல், பின்னால் ஒரு வாசல். பக்கத்து ரூமில் வெடிமருந்து தீப்பிடித்துக்கொண்டது. சத்தம் கேட்டு எல்லோரும் ஓடினார்கள். அக்கா முன்வாசல் வழியாக ஓடினாள், தங்கை பின்வாசல் வழியாக. மரத்தடிக்கு அக்கா வந்து பார்த்தபோது தங்கையைக் காணவில்லை. உள்ளே மாட்டிக்கொண்டாள் என்று நினைத்துத் திரும்பிப் போய்விட்டாள். தங்கை பின்பக்கமாகச் சுற்றிக்கொண்டு அதே மரத்தடிக்கு வந்து நின்றபோது அக்கா அங்கே இல்லை. அதற்குப் பிறகு வெள்ளைத்தாய் வெளியே வரவில்லை. இதெல்லாம் ஊருக்குத் தெரிந்த கதை. ஆனால் யாரும் அவள் முன்னால் பேசுவதில்லை. அவளும் பேசினதில்லை.

இந்த ஆபீசுக்கு வந்ததும் அவள் தங்கச்சாமியிடம் கேட்டது ஒன்றே ஒன்று. தன் வீட்டு ஆளைத் தன் ரூமில் போடக்கூடாது. அவரும் அப்படியே நடத்தினார். ஆடியில் ஆர்டர் குவிந்து சீசன் தலைக்கு ஏறியது. ஆளுக்குத் தட்டுப்பாடு. ஒரு திங்கட்கிழமை சின்னத்தாயைத் தூக்கி இசைவாணி ரூமில் போட்டுவிட்டார். இசைவாணி, சின்னத்தாய், சினேகா, வேலுத்தாய் என்ற இன்னொரு பெண், ஆக நாலு பேர். இசைவாணி போய்க் கேட்டதற்குத் தீபாவளி முடியட்டும், மாற்றித் தருகிறேன், அதுவரைக்கும் பொறுத்துக்கொள் என்றார். மருமகளோடு ஒரே ரூம் என்று சின்னத்தாய்க்கு ஏக சந்தோஷம். அன்று சாயங்காலம் இசைவாணி முகத்தைப் பார்த்தேன். பேயறைந்த மாதிரி இருந்தது.

அன்றைக்குத்தான் அவள் முதல் தடவையாக விளையாட்டைப் பற்றி வாயைத் திறந்தாள். ஏழாயிரம்பண்ணை தாண்டி ஒரு மேடு உண்டு. அங்கே டவர் போய்விடும். விளையாடிக்கொண்டிருக்கும்போது டவர் போனால், போனவளுக்குப் பதிலாக விளையாட்டே ஓர் ஆளைப் போட்டுவிடும். மனுஷன் கிடையாது, கம்ப்யூட்டரே ஆட்டுகிற ஆள். எங்கள் பெண்கள் அதற்குப் பொம்மை என்று பெயர் வைத்திருந்தார்கள். இசைவாணி சினேகாவிடம் கேட்டாள்: "டவர் போனா வருதே பொம்மை, அத நாமளே வச்சு ஆட முடியுமா?"

முடியும் என்றாள் சினேகா. விளையாட்டிலேயே தனி ரூம் போட்டுக்கொண்டு, கூட்டாளி மூன்று பேரையும் பொம்மையாக வைக்கலாம், கோடாலியையும் பொம்மையாக வைக்கலாம். நெட்டே வேண்டாம். ஆனால் அதில் என்ன இருக்கிறது, பழகுவதற்காக வைத்திருக்கிறார்கள், யாருமே ஆடுவதில்லை என்றாள். இசைவாணி போனை வாங்கிக்கொண்டாள்.

அடுத்த பத்து நாள் அவள் செய்ததைப் பார்த்தால் ராக்கெட் விடுகிறவர்கள்கூட இப்படி மெனக்கெட மாட்டார்கள். வண்டி கிளம்பக் கால் மணி முன்னாலேயே வந்து தன் சீட்டில் உட்கார்ந்துகொள்வாள். பொம்மையை எத்தனை விதமாக மாற்றலாம் என்று ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்ப்பாள். எல்லாம் இங்கிலீஷில் இருக்கும். புரியாததைத் தேடிப் படிப்பாள். அச்சில் சாய்ந்துபோன லேபிள் தாள் பிரஸ்காரர்களிடம் சும்மா கிடைக்கும். ஒரு பக்கம் புஸ்வாணப் படம், மறுபக்கம் வெள்ளை. அந்த வெள்ளைப் பக்கத்தில் எழுதி வைத்துக்கொள்வாள். கோடாலிக்கு மூன்று அளவு உண்டு. எளிதில் வைத்தால் ஒரே தூணைச் செக்குமாடாகச் சுற்றுவான். கடினத்தில் வைத்தால் நீ போகப்போகிற வாசலில் முன்னாலேயே வந்து நிற்பான். அவள் நடுவில் வைத்தாள். எளிதாக இருந்தால் அத்தைக்குத் திரும்பிப் போக நேரம் கிடைத்துவிடும், கடினமாக இருந்தால் வெளியே வரவே முடியாது, அப்புறம் எதைப் பழகுவது என்று எனக்கு விளக்கினாள்.

எனக்குப் பொறுக்கவில்லை. பொம்மையோடு ஆடி யாருக்கு என்ன பிரயோசனம், நாலு மனுஷரோடு ஆடினால் சாமர்த்தியமாவது வரும் என்று சொல்லிவிட்டேன். அவள் கோபப்படவில்லை. "ஆளுக ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு மாதிரி வருவாக அண்ணே. பொம்மை வச்ச மாதிரியே வரும். அத்தைக்கு அதே இடம் திரும்பத் திரும்ப வேணும்" என்றாள்.

எந்த இடம் என்பது அவள் மாமியாரை ஆடவைத்தபோதுதான் புரிந்தது. விளக்கை ஏற்றுவதற்கு இல்லை, கோடாலியை ஏமாற்றுவதற்கும் இல்லை. விளக்கெல்லாம் ஏற்றி முடித்துச் சங்கு ஊதிய பிறகு, கேட்டைத் தாண்டி வெளியே இருக்கிற ஒரு பட்ட மரத்தடிக்குப் போய் நிற்கவேண்டும். உள்ளே கூண்டில் யார் கிடந்தாலும் திரும்பக்கூடாது. அவ்வளவுதான் பயிற்சி.

முதல் நாள் சின்னத்தாய் தோற்றாள், அது பொம்மைகளால் வந்த வினை. கூட்டாளிப் பொம்மைகள் ஒன்றையொன்று காப்பாற்றக் கூண்டுக்கு ஓடின. பொம்மையே போகுது, நான் போகக்கூடாதா என்று இவளும் பின்னாலேயே போனாள். இசைவாணி லேபிள் தாளைப் பார்த்து எதையோ தேடி அணைத்தாள். மறுநாளிலிருந்து பொம்மைகள் ஒன்றையொன்று தேடவில்லை. சின்னத்தாயும் ஒழுங்காக வெளியே வந்து மரத்தடியில் நின்றாள். ஐந்து தடவை, பத்து தடவை. இதுதானா, இது பொம்மைதானே, இது கிடந்தால் என்ன என்றாள். நான்கூட வேலை முடிந்தது என்று நினைத்தேன்.

இசைவாணி அந்தப் பொம்மைகளுக்குப் பெயர் வைத்தாள். ஒன்று சினேகா, ஒன்று வேலுத்தாய், ஒன்று வாணி. வீட்டில் அவளைக் கூப்பிடுகிற பெயர்.

அன்றைக்குச் சங்கு ஊதியது. சின்னத்தாய் கேட்டைத் தாண்டினாள். திரையில் ஓரமாக, வாணி கூண்டில் இருக்கிறாள் என்று வந்தது. அவள் விரல் நின்றது. அப்புறம் திரும்பிவிட்டாள். ஓடிப்போய்த் திறந்துவிட்டாள், இரண்டு பேரும் பிடிபட்டார்கள். மறுபடி வைத்தார்கள். மறுபடி திரும்பினாள். மறுநாள், அதற்கு மறுநாள். சினேகா பெயர் போட்ட பொம்மையைக்கூட விட்டுவிட்டு வந்தாள், அதற்குச் சினேகா கோபித்துக்கொண்டு ஒருநாள் முழுக்கப் பேசவில்லை. வாணியை விட்டுவர மட்டும் அவளுக்கு முடியவில்லை. ஆறாம் நாள் போனைச் சீட்டில் எறிந்தாள். "ஊருல மாமியாக்காரியப் பாத்துக்கன்னு சொல்லுவாக. நீ என்னத்தா, ஒன்னய விட்டுட்டு ஓடச் சொல்லிக் குடுக்கிற? நான் என்ன அம்புட்டுக்கு ஈவு இரக்கம் இல்லாதவளா?"

இசைவாணி போனை எடுத்துத் துடைத்தாள். ஆறு வருஷமாகச் சொல்லாததை அப்போது சொன்னாள். குரலை உயர்த்தவில்லை; எனக்கே இஞ்சின் சத்தத்தில் பாதிதான் கேட்டது. "எங்க அக்காவும் ஈவு இரக்கம் உள்ளவதான் அத்தே. என்னையத் தேடித்தான் போனா. நான் உள்ள இல்ல. மரத்துக்குத்தான் வந்துக்கிட்டு இருந்தேன்."

ஊர் வந்து இறங்கும்போது மருமகள் கையிலிருந்த தூக்குவாளியைச் சின்னத்தாயே வாங்கிக்கொண்டு நடந்தாள்.

அதற்குப் பிறகு இசைவாணி பாடத்தை மாற்றினாள். எனக்கு அவள்மேல் மதிப்பு வந்தது அங்கேதான். தன் பாடத்திலும் ஒரு குறை இருக்கிறது என்று கண்டுகொண்டாள். திரும்பாதே என்று மட்டும் சொன்னால் அத்தையால் முடியாது. கைக்கு வேறொரு வேலை கொடுக்கவேண்டும். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் ஆபீசில் ஒவ்வொரு ரூமிலிருந்தும் ஒவ்வொரு வாசல் வழியாகவும் வேப்பமரம்வரை நடந்தாள். நடந்தது மாமியார் வேகத்தில். வாயால் எண்ணிக்கொண்டே நடந்தாள். எந்த ரூம், எந்த வாசல், எவ்வளவு சுற்றினாலும் தொண்ணூறுக்குள் மரத்துக்கு வந்துவிடலாம். ஆகவே நூறு என்று வைத்தாள். மரத்தடியில் நின்று நூறு எண்ணவேண்டும். எண்ணி முடிவதற்குள் வருகிறவர்கள் வந்துவிடுவார்கள். நூறிலும் வராவிட்டால் என்ன செய்வது என்று சினேகா கேட்டாள். அதற்குள் தங்கச்சாமியும் தீயணைப்புக்காரர்களும் வந்துவிடுவார்கள், தேடுவது அவர்கள் வேலை, நம் வேலை எண்ணுவது என்றாள் இசைவாணி.

பொம்மைகளையும் அதற்கேற்ப மாற்றினாள். கூட்டாளிப் பொம்மையின் சாமர்த்தியத்தைக் கூட்டிவைத்தால் அதுவே சில சமயம் கூண்டை உடைத்துக்கொண்டு வரும். சில சமயம் வராது. சின்னத்தாய் மரத்தடியில் நின்று, இங்கே சீட்டில் கண்ணை மூடிக்கொண்டு சத்தமாக எண்ணினாள். முப்பது, நாற்பது, ஐம்பது. அறுபத்து மூன்றில் வாணி என்று பெயர் போட்ட பொம்மை கேட்டைத் தாண்டி ஓடிவந்து பக்கத்தில் நின்றது. வந்துட்டாளே, வந்துட்டாளே என்று அவள் போட்ட சத்தத்தில் நான் பிரேக்கை மிதித்துவிட்டேன். அந்தப் பொம்மைக்குத் தலையைத் தடவிக் கொடுத்தாள், போன் கண்ணாடிமேல்.

சில நாள் நூறும் முடிந்துவிடும், பொம்மை வராது. அப்போதும் திரும்பக்கூடாது. அந்த நாட்களில் சின்னத்தாய் போனை மருமகளிடம் கொடுத்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாள். ஒருநாள்கூடப் பொம்மை கட்டாயம் வரும்படி அவள் மாற்றி வைக்கவில்லை. மாற்ற வழி இருந்தது, லேபிள் தாளில் நானே பார்த்தேன்.

ஆபீசிலும் வருஷத்துக்கு ஒருமுறை ஒத்திகை நடக்கும். இன்ன தேதி, இன்ன நேரம் என்று முன்னாலேயே சொல்லிவிடுவார்கள். பெண்கள் தலைசீவிப் பூ வைத்துக்கொண்டு வருவார்கள். மணி அடித்ததும் பேசிச் சிரித்துக்கொண்டே மரத்தடிக்கு நடப்பார்கள். போட்டோ எடுப்பார்கள். அந்த வருஷ போட்டோவில் ஒருத்தி மட்டும் உதட்டை அசைத்துக்கொண்டு நிற்பாள். அது சின்னத்தாய், எண்ணுகிறாள்.

புரட்டாசியில் ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பதினோரு மணி இருக்கும். நான் வேனில் காலை நீட்டிப் படுத்திருந்தேன். சத்தம் காதில் விழும் முன் நெஞ்சில் விழுந்தது. எழுந்து பார்த்தால் உள்ளே கரும்புகை. வாட்ச்மேன் கேட்டைத் திறந்துவிட்டு ஓட, நான் உள்ளே ஓடினேன். கேட்டிலிருந்து கூப்பிடு தூரத்தில்தான் வேப்பமரம். பெண்கள் நாலா பக்கமிருந்தும் ஓடிவந்துகொண்டிருந்தார்கள். செருப்பு இல்லை, தூக்குவாளி இல்லை. சினேகா நின்றாள், வேலுத்தாய் நின்றாள், சின்னத்தாய் நின்றாள். இசைவாணியைக் காணவில்லை.

தீப்பிடித்தது அவர்கள் ரூமுக்கு அடுத்த ரூம். முன்வாசல் பக்கம் இருந்த மூன்று பேரும் முன்னால் வந்துவிட்டார்கள். இசைவாணி எந்தப் பக்கம் போனாள் என்று யாருக்கும் தெரியவில்லை. எனக்கு ஒன்றும் ஓடவில்லை. கதவோரச் சீட்டுதான் கண்ணில் நின்றது. அவர்கள் ரூமைப் பார்த்து நான் ஓட ஆரம்பித்தேன்.

பின்னாலிருந்து சட்டைக் காலரை ஒரு கை பிடித்தது. பட்டன் தெறித்தது. திரும்பினால் சின்னத்தாய். முகம் முழுக்கக் கண்ணீர், உதடு நடுங்குகிறது. பிடி மட்டும் இரும்பு.

"நில்லு பாண்டி. எண்ணு."

வெறி பிடித்தவனாகத் திமிறினேன். ஏதோ கெட்ட வார்த்தைகூடச் சொன்னேன். அவள் விடவில்லை. இருபத்தி ஒண்ணு, இருபத்தி ரெண்டு என்று என் காதுக்குள் எண்ணிக்கொண்டே இருந்தாள். சினேகாவும் வேலுத்தாயும் சேர்ந்து எண்ணினார்கள். எண்ணத் தெரிந்த எல்லோரும் எண்ணினார்கள். ஐம்பத்திரண்டில் இரண்டாவது சத்தம் கேட்டது. கூரைத் தகடு மேலே போய்த் திரும்பி வந்து, ரூமுக்குப் போகிற பாதையில் துண்டு துண்டாக விழுந்தது. நான் ஓடியிருந்தால் அந்தப் பாதையில்தான் ஓடியிருப்பேன். சின்னத்தாய் கண்ணை மூடிக்கொண்டாள். ஐம்பத்தி மூணு என்றாள்.

எழுபத்தாறில், மதில் ஓரமாக, இடுப்பைப் பிடித்துக்கொண்டு இசைவாணி ஓடிவந்தாள். பின்வாசலில் இறங்கியவளுக்குக் குறுக்கே புகை. கடைசி ரூமையும் தாண்டிச் சுற்றி வந்திருக்கிறாள். சின்னத்தாய் அவளைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே எழுபத்தேழு என்றாள், எழுபத்தெட்டு என்றாள். வாய் நிற்கவில்லை. இசைவாணி வந்து மாமியாரின் இரண்டு கன்னத்தையும் பிடித்துக்கொண்ட பிறகுதான் நின்றது. என் சட்டையை அப்போதும் விடவில்லை.

அன்றைக்கு உயிர்ச்சேதம் இல்லை. ஒரு ரூம் போனது. வாளி மணலோடு கிட்டத்தில் போன தங்கச்சாமிக்குப் புருவமும் முன்மயிரும் கருகின. ஆபீஸ் மூன்று வாரம் மூடிக் கிடந்தது. திறந்தபோது அவர் கேட்காமலே மாமியாரையும் மருமகளையும் வேறு வேறு ரூமில் போட்டார். மரத்தடியில் நூறு எண்ணவேண்டும் என்று தன் முதல்நாள் பாடத்தோடு சேர்த்துக்கொண்டார். அது எங்கிருந்து வந்தது என்று புதிதாக வருகிற பெண்களுக்குத் தெரியாது. இசைவாணி என் போனிலும் பங்களாவை ஏற்றிவிட்டாள். அன்றைக்கு உள்ளே ஓடினது நீங்கதானே அண்ணே, உங்களுக்குத்தான் பயிற்சி வேணும் என்று ரூம் போட்டு, பொம்மைக்குச் சின்னத்தாய் என்று பெயர் வைத்துக் கொடுத்தாள். நான் முதல் தடவையே திரும்பினேன். வேன் முழுக்கச் சிரிப்பு. இப்போது பரவாயில்லை, பத்துக்கு ஏழு தடவை நிற்கிறேன்.

ஆனால் அந்தச் செவ்வாய்க்கிழமை சாயங்காலத்தைச் சொல்லாமல் விட்டால் அவளைப் பற்றிச் சொன்னதாகாது. போலீஸ், பெயர் எழுதுவது எல்லாம் முடிந்து வண்டியை எடுத்தேன். யாரும் போனை எடுக்கவில்லை. இசைவாணி தன் சீட்டில் இருந்தாள். பக்கத்தில் சின்னத்தாய் அயர்ந்து தூங்கிவிட்டாள், மருமகளின் முந்தானையைக் கையில் சுற்றிக்கொண்டு. டவர் போகிற மேடு தாண்டியதும் இசைவாணி முன்னால் குனிந்து, தான் வந்தபோது எண்ணிக்கை எத்தனை என்று கேட்டாள்.

எழுபத்தாறு என்றேன்.

ரோட்டோரத்தில் கருவேலம் போய்க்கொண்டே இருந்தது.

"அக்கா போன அன்னைக்கு அங்கன எனக்கு நாப்பதுதாண்ணே ஆச்சு" என்றாள். "காரியம் முடிஞ்ச மறுநாள் அந்த ஆபீசுக்குப் போயி நடந்து பாத்தேன். பின்வாசல்ல இருந்து மரத்துக்கு நாப்பது. அம்புட்டுத்தான்."

நான் வண்டியை மெதுவாக ஓட்டினேன். அவள் முந்தானையை விடுவித்துக்கொள்ளவில்லை. ஊர் வரும்வரை சின்னத்தாய் எழுந்திருக்கவும் இல்லை.